டேப்லெட்டில் இடம் நிரம்பிவிட்டதா? வேண்டாத விளையாட்டுகளை அகற்றும் முறை

விக்டோரியாவில் வாழும் தமிழ்க் குடும்பங்கள் பலவற்றில் டேப்லெட் பொதுவுடைமையாகவே இருக்கிறது. யாழ்ப்பாணத்திலோ சென்னையிலோ ரொறன்ரோவிலோ உள்ள உறவினரின் முகம் பார்த்துப் பேசுவதற்காக அம்மம்மாவுக்கும் தாத்தாவுக்கும் வாங்கிக் கொடுத்த கருவி, பாடசாலை முடிந்து பேரப்பிள்ளைகள் வீடு திரும்பியதும் விளையாட்டுக் களமாகிவிடுகிறது. ஓரிரு ஆண்டுகள் சென்றதும் 'சேமிப்பிடம் நிரம்பிவிட்டது' என்னும் பொருள்பட ஓர் ஆங்கில அறிவிப்பு திரையில் தோன்றத் தொடங்கும். புகைப்படம் எடுக்க இயலாது. காணொளி அழைப்பு இடையிடையே தடைப்படும். செயலிகள் புதுப்பிக்கப்படாமல் நின்றுவிடும்.

கடைசியாகச் சொன்னதே மிகவும் கவனிக்க வேண்டியது. புதுப்பிக்கப்படாத வங்கிச் செயலி ஒருநாள் திறக்க மறுக்கும். இயங்குதளத்துக்கான பாதுகாப்புப் புதுப்பித்தலுக்குச் சில ஜி.பி. இடம் தேவை, அது கிடைக்காவிடில் கருவி பழைய நிலையிலேயே தங்கி, மோசடிக்காரர்களுக்கு எளிய இலக்காகும். கோடையில் காட்டுத்தீ அபாயத்தை அறிவிக்கும் 'விக்எமர்ஜென்சி' செயலியை நிறுவ முற்படும்போது 'இடமில்லை' என்ற பதில் வருவது, அச்செயலி மிகவும் தேவைப்படும் நாளிலேயே நிகழக்கூடும். (செயலி இல்லாதவர்கள் 1800 226 226 என்ற எண்ணை அழைத்து இத்தகவலைப் பெறலாம்.)

இந்நிலையில் பெரும்பாலோர் முதலில் செய்வது புகைப்படங்களை அழிப்பது. இது தலைகீழான முறை. அழிந்த திருமணப் படத்தை எந்தக் கடையிலும் மீண்டும் வாங்க முடியாது. விளையாட்டோ, அழித்த மறுநாளே அதே கணக்கின் மூலம் மீண்டும் இறக்கிக்கொள்ளக்கூடியது. முன்பு பணம் கொடுத்து வாங்கியதாயினும், கடையில் அது தொடர்ந்து இருக்கும்வரை இரண்டாம் முறை கட்டணம் இல்லை. ஆகவே இடம் தேடுவோர் முதலில் பார்க்க வேண்டிய பகுதி விளையாட்டுகளே.

இடத்தை எடுத்துக்கொள்வது எது?

கருவியின் பெட்டியில் 32 ஜி.பி. என்று அச்சிடப்பட்டிருந்தாலும் அது முழுவதும் பயன்படுத்துவோருக்குக் கிடைப்பதில்லை. இயங்குதளமும் உற்பத்தியாளர் முன்கூட்டியே ஏற்றிவைத்த செயலிகளும் போக, பல மாதிரிகளில் 20 ஜி.பி. அளவிலேயே மீதம் இருக்கும். ஒரு ஜி.பி. என்பது ஏறத்தாழ 1000 எம்.பி. எளிய புதிர் விளையாட்டு ஒன்று 100 முதல் 300 எம்.பி. வரை பிடிக்கும். முப்பரிமாணக் காட்சிகளுடன் கூடிய கார்ப் பந்தயம், போர் விளையாட்டு முதலியன 2 அல்லது 3 ஜி.பி.யைத் தாண்டிச் செல்வதுண்டு. சாதாரணப் புகைப்படம் ஒன்று சுமார் 3 எம்.பி. என்று கொண்டால், பிள்ளை இருமுறை விளையாடி மறந்துவிட்ட 3 ஜி.பி. பந்தய விளையாட்டு ஒன்றே ஆயிரம் புகைப்படங்களின் இடத்தை அடைத்துக்கொண்டிருக்கிறது.

செயலிக் கடையில் காட்டப்படும் அளவை மட்டும் நம்புவதற்கில்லை. பல விளையாட்டுகள் முதலில் சிறிய அளவில் இறங்கி, திறந்த பின்னரே மீதமுள்ள காட்சிகளையும் ஒலிகளையும் இணையத்திலிருந்து கொண்டுவருகின்றன. இலவச விளையாட்டுகள் இடையிடையே காட்டும் விளம்பரக் காணொளிகளும் தற்காலிகக் கோப்புகளாகத் தங்குவதுண்டு. எனவே உண்மையான அளவைக் கருவியின் அமைப்புப் பகுதியிலேயே பார்க்க வேண்டும்.

ஐபேட் வைத்திருப்போர் 'செட்டிங்ஸ்' திறந்து, 'ஜெனரல்' என்பதைத் தொட்டு, 'ஐபேட் ஸ்டோரேஜ்' என்ற பகுதிக்குள் செல்ல வேண்டும். மேலே வண்ணப் பட்டை ஒன்றும், அதன் கீழே செயலிகளின் பட்டியலும் தோன்றும். கணக்கிட்டு முடிக்கச் சில விநாடிகள் ஆகலாம். மிகுதியான இடத்தைப் பிடித்தவை முதலில் வரும். ஒவ்வொன்றும் கடைசியாக எப்போது பயன்படுத்தப்பட்டது என்பதும் அங்கேயே குறிக்கப்பட்டிருக்கும். ஆண்ட்ராய்டு டேப்லெட்டுகளில் 'செட்டிங்ஸ்' பகுதியில் 'ஸ்டோரேஜ்' என்று இருக்கும். சாம்சங் கருவிகளில் அது 'டிவைஸ் கேர்' என்ற தலைப்பின் கீழ் அமைந்திருக்கும். ஆண்ட்ராய்டில் இதைவிட வசதியான வழி ஒன்றும் உண்டு. 'ப்ளே ஸ்டோர்' திறந்து, வலது மேல் மூலையிலுள்ள கணக்குப் படத்தைத் தொட்டு, 'மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்' என்பதற்குள் சென்று 'மேனேஜ்' பக்கத்தைத் திறந்தால், செயலிகளை அளவுவாரியாக வரிசைப்படுத்திப் பார்க்கலாம்.

அழிப்பதற்கு முன் பிள்ளையைக் கேட்க வேண்டும்

கருவியைக் கையாள்வதை விட இதுவே கடினமான பகுதி. பெரியவர்களின் கண்ணுக்கு எல்லா விளையாட்டும் ஒன்றுபோலத் தோன்றும், பிள்ளைகளுக்கு அப்படியல்ல. விளையாட்டை மீண்டும் இறக்கலாம் என்பது உண்மையே. அதனுள் பிள்ளை கட்டியெழுப்பியது மீண்டும் கிடைக்குமா என்பது வேறு கேள்வி. அதற்கான விடை விளையாட்டுக்கு விளையாட்டு மாறுபடும்.

'ரோப்லாக்ஸ்' போன்றவற்றில் எல்லாம் இணையத்திலுள்ள கணக்கில் பதிவாகின்றன. செயலியை அகற்றி ஆறு மாதம் கழித்து மீண்டும் நிறுவினாலும், பயனர் பெயரும் கடவுச்சொல்லும் நினைவிலிருந்தால் யாவும் அப்படியே இருக்கும். 'மைன்கிராஃப்ட்' இதற்கு நேர்மாறானது. டேப்லெட்டில் பிள்ளை உருவாக்கும் உலகங்கள் வழக்கமாக அந்த டேப்லெட்டிலேயே சேமிக்கப்படுகின்றன. செயலியை அழித்தால் உலகங்களும் உடன் அழியும். விளையாட்டை மறுபடியும் இலவசமாக இறக்கலாம். ஆனால் இரண்டு விடுமுறைக் காலம் முழுவதும் அமர்ந்து கட்டிய கோட்டையும் சுரங்கப்பாதையும் திரும்பி வரமாட்டா. மைன்கிராஃப்டை அகற்றியே ஆக வேண்டுமெனில், உலகங்களின் பட்டியலில் பெயருக்கு அருகிலுள்ள பென்சில் குறியைத் தொட்டு, 'எக்ஸ்போர்ட் வேர்ல்ட்' மூலம் ஒவ்வொன்றையும் தனிக் கோப்பாக வெளியே எடுத்து, மின்னஞ்சலிலோ கணினியிலோ சேமித்த பின்னரே அழிக்க வேண்டும். அக்கோப்பு உண்மையாகவே போய்ச் சேர்ந்ததா என்று மறுமுனையில் பார்த்துக்கொள்வது நல்லது.

'கேண்டி கிரஷ்' போன்ற புதிர் விளையாட்டுகள் இவ்விரண்டுக்கும் இடைப்பட்டவை. கணக்கு ஒன்றுடன் இணைத்து விளையாடியிருந்தால் எட்டிய படிநிலை காக்கப்படும். கணக்கின்றி விளையாடியிருந்தால் அழித்த பின் முதல் படியிலிருந்து தொடங்க நேரிடலாம். இவ்விளையாட்டை ஆடுவோர் பிள்ளைகள் மட்டுமே அல்லர் என்பதால், ஆயிரமாவது படியில் இருக்கும் அம்மம்மாவிடமும் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்வது வீட்டின் அமைதிக்கு உகந்தது.

பிள்ளையுடன் அமர்ந்து பட்டியலைப் பார்க்கும்போது 'எதை அழிக்கலாம்?' என்று கேட்டால் பெரும்பாலும் 'எதையும் வேண்டாம்' என்ற பதிலே வரும். 'எந்த மூன்றை வைத்துக்கொள்ள விரும்புகிறாய்?' என்று கேட்டால் பேச்சு வேறு திசையில் செல்லும். கடைசியாகத் திறந்த தேதியைக் காட்டினால், தான் நிறுவியதையே மறந்துபோன விளையாட்டுகளைப் பிள்ளையே அடையாளம் காட்டும்.

அகற்றும் வழி

ஐபேட்டில், முன்பு கூறிய 'ஐபேட் ஸ்டோரேஜ்' பட்டியலில் வேண்டாத விளையாட்டின் பெயரைத் தொட்டால் இரண்டு தெரிவுகள் தோன்றும். 'டெலீட் ஆப்' என்பது செயலியையும் அதனுள் சேமித்த தரவுகளையும் சேர்த்து அழிக்கும். 'ஆஃப்லோட் ஆப்' என்பது செயலியை மட்டும் நீக்கித் தரவுகளைக் கருவியிலேயே விட்டுவைக்கும். பின்னர் செயலியை இறக்கினால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். ஐயமுள்ள விளையாட்டுகளுக்கு இரண்டாவது தெரிவு பொருத்தமானது. ஆயினும் சில விளையாட்டுகளில் பெரும்பகுதி இடத்தைத் தரவுகளே பிடித்திருக்கும். அவற்றுக்கு இம்முறையால் பெரிய பயன் விளையாது. செயலியின் அளவும் தரவுகளின் அளவும் அதே பக்கத்தில் தனித்தனியே காட்டப்படுவதால், பார்த்து முடிவு செய்யலாம்.

முகப்புத் திரையிலிருந்தும் அழிக்கலாம். சின்னத்தின் மீது விரலைச் சற்று நேரம் வைத்திருந்தால் 'ரிமூவ் ஆப்' என்பது தோன்றும். அதைத் தொட்டதும் 'டெலீட் ஆப்', 'ரிமூவ் ஃப்ரம் ஹோம் ஸ்கிரீன்' என்று இரண்டு வரும். பலர் இரண்டாவதைத் தெரிவு செய்து, விளையாட்டு கண்ணில் படாததால் அழிந்துவிட்டதென்று எண்ணுகின்றனர். சின்னம் மட்டுமே மறைந்திருக்கும், ஒரு எம்.பி. இடமும் கிடைத்திராது. ஆண்ட்ராய்டிலும் இதே குழப்பம் உண்டு: 'அன்இன்ஸ்டால்' என்பதே உண்மையில் அகற்றுவது, 'ரிமூவ்' என்பது முகப்பிலிருந்து எடுப்பது மட்டுமே.

ஆண்ட்ராய்டில் பல விளையாட்டுகளை ஒரேயடியாக அகற்ற விரும்புவோர், 'ப்ளே ஸ்டோர்' பட்டியலில் ஒவ்வொன்றின் எதிரிலும் உள்ள கட்டத்தில் குறியிட்டு, மேலேயுள்ள குப்பைத்தொட்டிச் சின்னத்தை அழுத்தலாம். உற்பத்தியாளரே ஏற்றி அனுப்பிய சில செயலிகளை அகற்ற முடியாது; அவற்றுக்கு 'டிசேபிள்' என்ற தெரிவு மட்டுமே இருக்கும். அதுவும் ஓரளவு இடம் தரும். விளையாட்டை வைத்துக்கொண்டே சிறிது இடம் பெற விரும்புவோர் அதன் விவரப் பக்கத்தில் 'க்ளியர் கேஷ்' என்பதை அழுத்தலாம். தற்காலிகக் கோப்புகள் மட்டுமே நீங்கும். அதற்கு அருகிலேயே இருக்கும் 'க்ளியர் டேட்டா' அல்லது 'க்ளியர் ஸ்டோரேஜ்' அவ்வாறன்று. விளையாட்டில் எட்டியது அனைத்தையும் அது துடைத்துவிடும்.

ஐபேட்டில் அழிக்கும் தெரிவே தென்படாவிடில், 'ஸ்கிரீன் டைம்' பகுதியில் யாரோ செயலி அழிப்பதைத் தடை செய்திருக்கிறார்கள் என்று கொள்ளலாம். பிள்ளைக்காகப் பெற்றோர் வைத்த பூட்டு பின்னர் அவர்களுக்கே மறந்துபோவது அரிதன்று. பாடசாலை வழங்கிய ஐபேட் எனில் கட்டுப்பாடு பாடசாலையிடம் இருக்கும்; அதில் கைவைக்காமல் பாடசாலையையே கேட்க வேண்டும்.

செயலி போனாலும் சந்தா போகாது

விளையாட்டை அழித்துவிட்டால் அதற்கான மாதக் கட்டணமும் நின்றுவிடும் என்ற எண்ணம் தவறானது. இதனால் பலர் பணம் இழக்கின்றனர். சந்தா இணைந்திருப்பது ஆப்பிள் அல்லது கூகுள் கணக்குடன், செயலியுடன் அன்று. 'ஒரு வாரம் இலவசம்' என்று தொடங்கிய விளையாட்டு, டேப்லெட்டில் இல்லாமற்போன பின்னும் வங்கி அட்டையிலிருந்து மாதந்தோறும் பணம் எடுத்துக்கொண்டேயிருக்கும். ஐபேட்டில் 'செட்டிங்ஸ்' திறந்து, மேலேயுள்ள பெயரைத் தொட்டு, 'சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' பகுதியைப் பார்க்க வேண்டும். ஆண்ட்ராய்டில் 'ப்ளே ஸ்டோர்' கணக்குப் படத்தின் கீழ் 'பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' என்ற இடத்தில் அது இருக்கும். அழிக்கும் முன்பே சந்தாவை நிறுத்திவிடுவது சிறந்தது.

பெரியவருக்குத் தெரியாமல் பிள்ளை விளையாட்டுக்குள் நாணயங்களோ ஆயுதங்களோ வாங்கியிருந்தால், கட்டணத்தைத் திருப்பித் தருமாறு ஆப்பிளிடமும் கூகுளிடமும் விண்ணப்பிக்கலாம். கூகுளைப் பொறுத்தவரை வாங்கிய 48 மணி நேரத்துக்குள் விண்ணப்பிப்பது எளிது. அதன் பின்னர் விளையாட்டைத் தயாரித்த நிறுவனத்தை அணுகுமாறு கூறப்படலாம். ஆகவே வங்கிக் கணக்கில் புரியாத தொகை தென்பட்டால் மாத இறுதிவரை காத்திருக்கலாகாது.

பட்டியலைப் பார்க்கும்போது வேறொன்றையும் கவனிக்கலாம். 2024 செப்டம்பர் 22 முதல் ஆஸ்திரேலியாவில் புதிதாக வகைப்படுத்தப்படும் விளையாட்டுகளில், சூதாட்டத்தைப் போலச் செய்து காட்டுபவை 18 வயதுக்கு மேற்பட்டோருக்கு மட்டும் என்ற வகையிலும், பணம் கொடுத்துத் திறக்கும் அதிர்ஷ்டப் பெட்டிகளைக் கொண்டவை குறைந்தது 'எம்' வகையிலும் வைக்கப்படுகின்றன. 'எம்' வகை 15 வயதுக்குக் குறைந்தோருக்குப் பரிந்துரைக்கப்படுவதில்லை. அத்தேதிக்கு முன்பே வகைப்படுத்தப்பட்டவை பழைய குறியீட்டுடனேயே இருக்கக்கூடும் என்பதால், பெட்டி திறக்கும் விளையாட்டு எதுவென்று பெற்றோரே பார்த்துத் தெரிந்துகொள்வது நல்லது. 'போக்கி' இயந்திரத்தைப் போன்ற சுழலும் விளையாட்டுகள் முதியோரின் டேப்லெட்டுகளிலும் காணப்படுகின்றன. அவற்றில் பணம் செலவாவது கவலை தருமளவுக்குச் சென்றிருந்தால், 1800 858 858 என்ற தேசிய சூதாட்ட உதவி எண்ணை எந்நேரமும் இலவசமாக அழைக்கலாம்.

விளையாட்டுகள் போன பின்னும் இடம் போதாவிடில்

குற்றம் விளையாட்டுகளிடம் மட்டும் இல்லை. குடும்பக் குழுக்களில் நாள்தோறும் வந்து குவியும் 'இனிய காலை வணக்கம்' படங்களும் கோயில் திருவிழாக் காணொளிகளும் சேர்ந்து எந்தப் பந்தய விளையாட்டையும் மிஞ்சிவிடும். வாட்ஸ்அப்பில் 'செட்டிங்ஸ்' சென்று, 'ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா', பின்னர் 'மேனேஜ் ஸ்டோரேஜ்' என்று தொட்டால், 5 எம்.பி.க்கு மேற்பட்ட கோப்புகளும் பலமுறை கைமாறி வந்தவையும் தனியே தொகுத்துக் காட்டப்படும். அங்கிருந்து ஒரே முறையில் அழிக்கலாம். தானாக இறங்குவதை நிறுத்தும் வசதியும் அதே 'ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா' பகுதியில் உள்ளது.

புகைப்படங்களில் கைவைக்க நேர்ந்தால் ஓர் எச்சரிக்கை அவசியம். 'ஐகிளவுட் ஃபோட்டோஸ்' இயங்கும் ஐபேட்டில் அழிக்கும் படம், அதே கணக்கிலுள்ள ஐபோனிலிருந்தும் மறைந்துவிடும். டேப்லெட்டில் மட்டும் அழிப்பதாக எண்ணிக் கைத்தொலைபேசியிலிருந்த படங்களையும் இழந்துவிட நேரும். தவறி அழித்தவை 'ரீசென்ட்லி டெலீட்டட்' தொகுப்பில் 30 நாள் வரை இருக்கும், அதற்குள் மீட்கலாம். அந்த 30 நாளும் அவை இடத்தைப் பிடித்துக்கொண்டேயிருக்கும் என்பது இதன் மறுபக்கம்.

'உங்கள் டேப்லெட்டில் இடமில்லை, உடனே சுத்தம் செய்ய இங்கே அழுத்தவும்' என்று இணையப் பக்கங்களிலும் விளையாட்டு விளம்பரங்களிலும் தோன்றும் அறிவிப்புகளை நம்பலாகாது. கருவியின் உண்மையான அறிவிப்பு ஒருபோதும் தொலைபேசி எண்ணைக் கொடுத்து அழைக்கச் சொல்லாது. எதையும் வாங்கச் சொல்லிக் கெடு வைக்காது. தனியாகச் 'சுத்தப்படுத்தும் செயலி' எதுவும் தேவையில்லை. மேலே கூறிய யாவும் கருவியிலேயே இலவசமாக அமைந்திருப்பவை. சில சாம்சங் டேப்லெட்டுகளில் நினைவக அட்டை ஒன்றைச் செருகிப் படங்களை அதற்கு மாற்றலாம். ஐபேட்டில் அட்டைக்கான துவாரம் இல்லை.

மீண்டும் நிரம்பாமல் இருக்க

ஐபேட்டில் 'ஸ்கிரீன் டைம்' பகுதியிலுள்ள 'கன்டென்ட் அண்ட் ப்ரைவசி ரெஸ்ட்ரிக்ஷன்ஸ்' மூலம், புதிய செயலி நிறுவுவதையும் விளையாட்டுக்குள் வாங்குவதையும் தடுக்கலாம். ஆண்ட்ராய்டில், ஒவ்வொரு முறை பணம் செலுத்தும்போதும் கடவுச்சொல் கேட்கும்படி 'ப்ளே ஸ்டோர்' அமைப்பில் செய்துகொள்ளலாம். 'ஃபேமிலி லிங்க்' செயலி வழியே பிள்ளை கேட்கும் விளையாட்டுக்குப் பெற்றோர் தம் கைத்தொலைபேசியிலிருந்தே இசைவு தரலாம். இதற்கான கடவு எண் பிள்ளையின் பிறந்த ஆண்டாக இருந்தால் பூட்டு ஒரு வாரம்கூடத் தாங்காது.

தனியே செய்யத் தயங்குவோர் டேப்லெட்டையும் அதன் மின்னூட்டியையும் எடுத்துக்கொண்டு நகரசபை நூலகத்துக்கு வந்து ஊழியர்களிடம் உதவி கேட்கலாம். ஆப்பிள் அல்லது கூகுள் கணக்கின் கடவுச்சொல் தேவைப்படக்கூடும். அதை எழுதி எடுத்துவரலாம், ஆனால் உதவுபவரிடம் கொடுக்காமல் தாமே தட்டச்சு செய்ய வேண்டும். வங்கிச் செயலியை நூலகத்தில் திறக்க வேண்டியதில்லை. ஆங்கிலத்தில் பேசத் தயங்குவோர் 131 450 என்ற எண்ணில் மொழிபெயர்ப்புச் சேவையை அழைத்து, 'தமிழ்' என்று கூறி, நகரசபையின் எண்ணைத் தெரிவித்தால் மொழிபெயர்ப்பாளர் ஒருவருடன் இணைப்பு ஏற்படுத்தித் தரப்படும்.

எவ்வளவு அகற்றியும் இடம் போதாமல், இயங்குதளப் புதுப்பித்தலும் நின்றுபோன மிகப் பழைய டேப்லெட் எனில் புதியது வாங்குவதே வழி. பழையதைக் குப்பைத் தொட்டியில் போடலாகாது. 2019 ஜூலை 1 முதல் விக்டோரியாவில் மின்னணுக் கழிவுகள் நிலநிரப்புக்குச் செல்வது தடை செய்யப்பட்டுள்ளது. மேலும் உள்ளிருக்கும் லித்தியம் மின்கலம் குப்பை வண்டியில் நசுங்கினால் தீப்பற்றக்கூடும். மின்னணுக் கழிவு சேகரிப்பு நிலையத்தில் ஒப்படைக்கும் முன், படங்களை வேறிடத்தில் சேமித்து, கணக்கிலிருந்து வெளியேறி, அதன் பின்னர் கருவியைத் தொழிற்சாலை நிலைக்கு மீட்டமைக்க வேண்டும். கணக்கிலிருந்து வெளியேறாமல் உறவினருக்குக் கொடுத்தால், முதலில் பயன்படுத்தியவரின் கடவுச்சொல் இல்லாமல் அவரால் அதைத் திறக்கவே முடியாமற்போகலாம்.